பச்சையாக எரிந்த மைக்

மாரமங்கலத்தில் பஸ்ஸை விட்டு இறங்கியவன் கோபி ஒருவன்தான். மத்தியானம்தான் ஆகியிருந்தது. ஆனாலும் மேகம் இறங்கி வந்து சாலையோரத்துச் சில்வர் ஓக் மரங்களை இடுப்பு வரை மறைத்திருந்தது. பஸ் வளைவில் திரும்பியதும் அதன் சத்தம் சட்டென்று அடங்கிப் போயிற்று. ஈர மண்ணின் வாசமும் எங்கோ காபிக் கொட்டை காய்கிற புளித்த வாசமும் மட்டும் மிச்சம் நின்றன.

கையில் ஒரு பை ஆரஞ்சுப் பழம். துக்க வீட்டுக்கு இத்தனை மாதம் கழித்து வருகிறவன் வெறுங்கையோடு வந்தால் நன்றாக இராதே என்று பஸ் ஏறின ஒண்டிக்கடை முக்கில் வாங்கியது. உண்மையில் அவன் துக்கம் கேட்க வரவில்லை. செத்துப்போன விஜயகுமாரின் போனுக்கு ஒரு ஓடிபி வரும். அதைப் பார்த்துக்கொண்டு போக வந்தான்.

கதை இதுதான். கோபி ஒண்டிக்கடையில் ஒரு செல்போன் கடையில் வேலை பார்க்கிறவன், எஸ்டேட் லைன் வீட்டுப் பையன். விஜி என்கிற விஜயகுமார் மாரமங்கலத்துக்காரன், சொந்தக் காட்டில் காபியும் மிளகும் போடுகிற குடும்பம். இரண்டு பேரையும் சேர்த்து வைத்தது போனில் ஆடுகிற ஒரு துப்பாக்கி விளையாட்டு. ஜோடியாக ஆடுவார்கள். கை விஜிக்கு, வாய் கோபிக்கு. ஆட்டம் தொடங்கிய கொஞ்ச நேரத்தில் கோபி சுடப்பட்டு விழுந்துவிடுவான், அதில் அவனுக்கு வெட்கமும் கிடையாது. அதற்குப் பிறகு விஜி ஒற்றையாளாக நின்று நாலு பேரைச் சாய்ப்பான்.

அந்த விளையாட்டில் ஒரு வசதி உண்டு. செத்தவன் வெளியே போக வேண்டியதில்லை. உயிரோடு இருக்கிற கூட்டாளியின் ஆட்டத்தை அவன் கண்ணாலேயே பார்த்துக்கொண்டிருக்கலாம். அப்படி எத்தனை பேர் பார்க்கிறார்கள் என்று ஆடுகிறவனின் திரை மூலையில் ஒரு கண் படமும் பக்கத்தில் ஒரு எண்ணும் காட்டும். கோபி எப்போதும் செத்த பிறகு பார்க்கிற அந்த ஒருவன். பார்த்ததைத் தன் போனில் ரெக்கார்ட் பண்ணுவான். விஜியின் பெயர் தெரிகிற ஓரத்தை வெட்டுவான். மூலையில் தன் முகத்தை ஒட்டி, "பாருங்க நண்பர்களே, இப்ப எப்படி அடிக்கறோம்னு!" என்று பேசிப் பேசி, இணையத்தில் தன் பக்கத்தில் ஏற்றுவான். அடித்தது அவன்தான் என்று லட்சம் பேர் நம்பினார்கள். விஜிக்கு அது தெரியாது. அவன் வீட்டில் பேசவும் மெசேஜுக்கும் சிக்னல் வரும், ஆட்டம் ஆடுகிற அளவுக்கு நெட் வராது. சாயங்காலமானால் காபித் தோட்டத்துக்கு மேலே இருக்கிற பாறைக்கு ஏறிப் போய்த்தான் ஆடுவான். ஆட்டம் முடிந்தால் இறங்கிவிடுவான், கிளிப் பார்க்கிற பழக்கமெல்லாம் அவனுக்கு இல்லை.

இன்னொரு வேலையும் கோபி செய்வான். ரெக்கார்ட் தொடங்குமுன் விஜியின் பெயருக்குப் பக்கத்து மைக் குறியைத் தொட்டு, சிவப்புக் கோடு விழ வைத்து, அவன் குரலை அணைத்துவிடுவான். கிளிப்பில் தன் குரல் மட்டும்தானே விழ வேண்டும்.

ஒரு மழைச் சாயங்காலம் விஜியின் ஆள் ஆட்டத்தின் நடுவே, வெட்டவெளியில், அப்படியே நின்றுவிட்டான். எதிரி வந்து சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டுச் சுட்டான். கோபி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். 'நின்னுகிட்டே தூங்குன மகான்' என்று பெயர் வைத்து, சிரிப்புச் சத்தம் சேர்த்து ஏற்றினான். அவன் போட்டதிலேயே அதிகம் பேர் பார்த்த கிளிப் அதுதான்.

மறுநாள் காலையில்தான் விஜியைப் பாறை இடுக்கில் கண்டெடுத்தார்கள். கால் மாட்டியிருந்தது. போன் எட்டாத தூரத்தில் கிடந்தது. விடிகிற வரைக்கும் உயிர் இருந்திருக்கும் என்று டாக்டர் சொன்னதாகக் கேள்வி.

கோபி அன்றைக்கு அந்த ரெக்கார்டை மறுபடி போட்டுப் பார்த்தான். வெட்டி எறிந்திருந்த ஓரத்தில், விஜியின் பெயருக்குப் பக்கத்தில், சிவப்புக் கோட்டுக்கு அடியில், மைக் குறி பச்சையாக எரிந்துகொண்டிருந்தது. பேசினால்தான் அது பச்சையாகும். கடைசி வரைக்கும் அது அணையவில்லை. கோபி ரெக்கார்டை அழித்தான். ஏற்றின கிளிப்பை மட்டும் அழிக்க அவனுக்கு மனம் வரவில்லை.

அதற்குப் பிறகு அவன் தனியாக ஆடுகிற ஆட்டங்களில் கண் படத்துக்குப் பக்கத்தில் 'ஒன்று' என்றே காட்டியது. ஒருவரும் சாகாத முதல் நிமிஷத்திலேயே காட்டியது. ஆப் கோளாறு என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டான்.

இப்போது சென்னையில் ஒரு டீம் கூப்பிடுகிறது. கிளிப்பில் ஆடின ஐடியைத் திறந்து காட்டு, வந்து சேர்ந்துகொள் என்கிறார்கள். அந்த ஐடி விஜியுடையது. அதைத் திறக்கும் ஓடிபி விஜியின் நம்பருக்குத்தான் வரும்.

விஜியின் அம்மா மாதம்மாள் வாசலிலேயே நின்றிருந்தாள். மகன் போனதிலிருந்து அவள் பாதியாகியிருந்தாள்.

"வா கண்ணு. இப்பத்தான் ஊடு தெரிஞ்சுதா?"

"கடையில நொம்ப வேலைங்கம்மா" என்றான் கோபி. பழத்தை நீட்டினான்.

வீட்டுக்குள் புகை வாசமும் மிளகு வாசமும் கலந்து கிடந்தன. சசிகலா, விஜியின் தங்கை, சேலத்தில் காலேஜுக்குப் போயிருந்தாள். சாமி படத்துக்குக் கீழே விஜியின் போன் சார்ஜில் இருந்தது. கோபி அதைத்தான் முதலில் பார்த்தான்.

"அது அணைஞ்சறக் கூடாதுன்னு சசி மாசாமாசம் கார்டு போட்டு வெச்சிருக்கறா" என்றாள் மாதம்மாள். "தொறக்கறதுக்குத்தான் ஒருத்தருக்கும் தெரியல. ஏன் கண்ணு, அன்னிக்கு அவன் உங்கூடத்தான ஆடிட்டிருந்தான்?"

"ஆமாங்கம்மா."

"ஏதாச்சும் சொன்னானா? காட்டுல அத்தன பேரு இருந்தோம். ஒரு வார்த்த எங்களுக்குத் தெரிஞ்சிருந்தா ஓடியிருப்பமே. எம்பையன் கூப்புடாமயா இருந்திருப்பான்?"

"ஒண்ணும் சொல்லலீங்கம்மா. லைன் கட்டாயிருச்சு."

அவள் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "இரு சாமி, காபி போட்டாறேன்" என்று அடுப்படிக்குப் போனாள். கோபிக்கு அந்த நிமிஷம் தன்மேலேயே அருவருப்பாக இருந்தது. இருந்தும் கை சட்டைப் பைக்குள் போய்விட்டது.

தன் போனில் விளையாட்டின் லாகின் கட்டத்தில் விஜியின் நம்பரை அடித்தான். சாமி படத்துக்குக் கீழே 'டிங்' என்றது. பூட்டின திரையின் மேலேயே எண்கள் வந்து நின்றன. பார்த்து அடித்தான். அவ்வளவுதான் வேலை. ஆட்டம் இங்கே திறக்காது, பஸ் ஏறி ஒண்டிக்கடை போனதும் பார்த்துக்கொள்ளலாம்.

ஆனால் அவன் கையிலிருந்த போனிலேயே ஆட்டம் திறந்துகொண்டது.

லோடாகிற வட்டம் ஒரு சுற்றுகூடச் சுற்றாமல், முழு சிக்னலில், விஜியின் ஆள் திரை நடுவில் வந்து நின்றான். அவன் எப்போதும் போட்டுக்கொள்கிற அதே நீலச் சட்டை.

வீடு திடீரென்று குளிர்ந்தது. ஜன்னலுக்கு வெளியே மேகம் கண்ணாடியோடு ஒட்டிக்கொண்டு நின்றது. சார்ஜில் கிடந்த போனிலிருந்து பாசியின் வாசம் வந்தது. நனைந்த பாறையின் வாசம்.

விஜியின் பெயருக்குப் பக்கத்தில் மைக் பச்சையாயிற்று.

கோபி வாய் திறக்கவில்லை.

முதலில் மழைச் சத்தம் கேட்டது. வெளியே ஒரு சொட்டு மழை இல்லை.

பிறகு கல் உருளுகிற சத்தம்.

பிறகு மூச்சு. வலியைப் பல்லுக்குள் பிடித்துக்கொண்டு விடுகிற மூச்சு.

"டேய் கோபி... கேக்குதாடா?"

கோபி போனைச் சற்றுத் தள்ளிப் பிடித்தான்.

"கால் மாட்டிக்கிச்சுடா. போனு எட்டல. எங்கூட்டுக்கு ஒரு போனப் போட்டு அம்மாகிட்டச் சொல்லு. நீ லைன்லதான் இருக்கற, எனக்குத் தெரியும். உன் பேச்சு எனக்குக் கேக்குதுடா. சிரிக்கறயே..."

அடுப்படியில் ஒரு டம்ளர் விழுந்து உருண்டது.

"விஜி?" என்றாள் மாதம்மாள்.

அப்போது கோபி செய்ததை அவன் யோசித்துச் செய்தான் என்று சொல்ல முடியாது. எத்தனையோ நூறு தடவை செய்து பழகிய விரல் அது. நேராகப் போய் மைக் குறியைத் தொட்டது. சிவப்புக் கோடு விழுந்தது. குரல் நின்றது.

மாதம்மாள் அடுப்படி வாசற்படியில் நின்றாள். கையில் காபிப்பொடி ஒட்டியிருந்தது. அவள் முகத்தில் இருந்ததைப் பயம் என்று சொல்ல முடியாது. வராத பஸ் வந்துவிட்டது போல ஓர் ஆசை.

"அவங்கொரலுதான கண்ணு?"

"பழைய கிளிப்புங்கம்மா. சும்மா வெளையாட்டுல பேசுனது."

"என்னமோ சொல்லிட்டிருந்தானே. அடுப்புச் சத்தத்துல சரியாக் கேக்கல. இன்னொருக்காப் போடு சாமி."

"அழிஞ்சு போச்சுங்கம்மா."

"அழிஞ்சு போச்சா?"

அவள் அடுப்படிக்குத் திரும்பினாள். கோபி காபி குடிக்காமலேயே கிளம்பினான். பஸ் வருகிற வரைக்கும் மேகத்துக்குள் நின்றுகொண்டிருந்தான். மேலே, பாறை இருக்கிற பக்கத்தில், ஒரு கல் உருண்டு உருண்டு வந்து நின்ற சத்தம் கேட்டது. அவன் திரும்பிப் பார்க்கவில்லை.

சென்னையில் அவனுக்கு இடம் கிடைத்தது. ஆட்டம் சுமார், கிளிப்பில் இருந்த கை இப்போது இல்லை என்று இரண்டே நாளில் கண்டுபிடித்துவிட்டார்கள். ஆனால் பேச்சுப் பிடித்திருந்தது. "நீ ஆட வேண்டாம் தம்பி, மத்தவங்க ஆடறத கிளிப் பண்ணிப் பேசு, அது போதும்" என்றார் டீமைப் பார்த்துக்கொள்கிற பிரகாஷ். கோபி சந்தோஷப்பட்டான். வாய்தானே அவன் சொத்து.

முதல் கிளிப்பை ஏற்றினான். பார்த்தவர்கள் கீழே வந்து எழுதினார்கள்: வாய் அசையுது, பேச்சு வரல, மழைச் சத்தம் மட்டும் கேக்குது.

மைக்கை மாற்றினார்கள். போனை மாற்றினார்கள். வெளிச்சத்தம் புகாதபடி பஞ்சு ஒட்டின அறைக்குள் உட்கார வைத்தார்கள். ஒவ்வொரு கிளிப்பிலும் கோபி வாயை வாயைத் திறந்தான். ஒவ்வொன்றிலும் மழைதான் பெய்தது. மூலையில் கண் படம், பக்கத்தில் ஒன்று. "உடம்பு சரியில்லையா? ரூமுக்குப் போய்ப் படு தம்பி" என்றார் பிரகாஷ். அவர் குரலில் இருந்த மரியாதை கொஞ்சம் குறைந்திருந்தது.

அறையில் தனியாக உட்கார்ந்திருக்கும்போது போன் அடித்தது. சசிகலாவின் நம்பர். பேசியது மாதம்மாள்.

"கண்ணு, சேலத்துல சசிகிட்ட வந்திருக்கறேன். நீ போடற கிளிப்பெல்லாம் சசி எனக்குப் போட்டுக் காட்டறா. மழைச் சத்தம்னு அவ சொல்றா. எனக்கு அப்படிக் கேக்கலையே சாமி. எம்பையன் பேசறான். ஒவ்வொண்ணுலயும் கொஞ்சங் கொஞ்சமாச் சொல்றான். கால் மாட்டிக்கிச்சுங்கறான். போனு எட்டலங்கறான். நேத்துப் போட்டதுல, கோபி லைன்லதான் இருக்கறான்னு சொன்னான். அதோட நின்னு போச்சு. அடுத்ததப் போடு கண்ணு. அவன் சொல்லி முடிக்கட்டும்."

கோபிக்கு அன்றைக்கு முதல்முறையாக உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது. பயத்தால்தான். ஆனாலும் தோன்றியது. வாய் நிறைய, ஒன்று விடாமல், அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொன்னான். குரலை அணைத்தது, சிரித்தது, பச்சை விளக்கைப் பார்த்தது, அந்த வீட்டில் நின்று மறுபடி அணைத்தது எல்லாவற்றையும்.

"ஹலோ? கண்ணு? பேசு சாமி, ஒண்ணுமே கேக்கலையே" என்றாள் மாதம்மாள்.

அவன் கத்தினான்.

"ஹலோ... மழைச் சத்தமா இருக்குது..." சற்று நிறுத்தினாள். பிறகு அவள் குரல் மெதுவாயிற்று, தூங்குகிற பிள்ளைக்குப் பக்கத்தில் பேசுவது போல. "இரு இரு. நீ பேசாத கண்ணு. அவன் பேசறான்."

கோபி போனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தான். ஆட்டம் எதுவும் திறந்திருக்கவில்லை, சசிகலாவின் பெயர்தான் திரையில் இருந்தது. மூலையில் கண் படம், பக்கத்தில் ஒன்று. கீழே அவனுடைய சொந்தப் பெயர், அதன் பக்கத்தில் மைக் குறி, அதன்மேல் ஒரு சிவப்புக் கோடு.

அவன் அதைத் தொட்டான். தொட்டுக்கொண்டே இருந்தான். கோடு போகவில்லை.