ஜெயித்தவர் எழக்கூடாது

"இந்த ஒரு போர்டு முடியட்டும், மீனா."

அப்பா இதையேதான் நேற்றும் சொன்னார். முந்தாநாளும் சொன்னார்.

மீனாவுக்கு ஆத்திரமாக வந்தது. கோடை விடுமுறை இன்றோடு சரி. நாளை ஆறாம் வகுப்பு, புதுப் பள்ளி. தோழி தமிழ்வாணியோடு சைக்கிளில் போவதாகப் பேச்சு. ஆனால், மீனாவுக்கு இன்னும் சைக்கிள் ஓட்டத் தெரியாது. சொல்லித் தருவதாகச் சொன்ன அப்பாவோ கேரம் பலகையை விட்டு எழுந்தபாடில்லை.

எதிரே விருமாண்டி மாமா. அம்மாவின் தம்பி, மாடி வீட்டில் இருக்கிறார்.

"ரெட் காயைப் போட்டா போதுமா மச்சான்? பின்னாடியே ஃபாலோ காய் யாரு போடுவா?"

"பொறு மாப்ள. உன்னை அழ வைக்காம விடமாட்டேன்!"

"தேங்காய் வாங்கிட்டு வரச் சொல்லி எம்புட்டு நேரமாச்சு!" அடுப்படியிலிருந்து அம்மா கத்தினார். யார் காதிலும் விழவில்லை.

அவர்கள் இருவருக்கும் ஒரு சட்டம் உண்டு. தோற்றவர் 'போதும்' என்று சொன்னால்தான் ஆட்டம் முடியும்; அதுவரை ஜெயித்தவர் எழக்கூடாது. எழுந்தால் பயந்து ஓடியதாக அர்த்தம். தோற்றவர் எங்கே 'போதும்' என்பார்? 'இன்னொரு போர்டு' என்றுதான் சொல்வார்.

மீனா பலகையையே பார்த்தாள். இரண்டு பக்கம் ஆள். இரண்டு பக்கம் காலி.

"அப்பா, நானும் அம்மாவும் வாரோம். நீங்களும் மாமாவும் ஒரு கட்சி. சட்டம் அதேதான்."

"எங்களையா ஜெயிக்கப் போற?" மாமா விழுந்து விழுந்து சிரித்தார். "வா, வா!"

அம்மா கரண்டியை வைத்துவிட்டு வந்தார். தன் முதல் வாய்ப்பிலேயே இரண்டு காய்களைக் குழியில் போட்டார். அடுத்து இன்னும் மூன்று. மீனாவுக்குப் பகீரென்றது. பலகைக்கு அடியில் அம்மாவின் காலை மிதித்தாள்.

'ஜெயிச்சிராதம்மா!' உதடு மட்டும் அசைந்தது.

அம்மா சிரிப்பை அடக்கிக்கொண்டார். அடுத்த அடியில் ஸ்ட்ரைக்கரையே குழிக்குள் தள்ளினார். அதற்கடுத்த அடியிலும்.

கடைசிக் காய் விழுந்ததும் அப்பாவும் மாமாவும் கட்டிப்பிடித்துக் குதித்தார்கள். "ஜெயிச்சாச்சு!"

"நாங்க தோத்துட்டோம். போதும்!" என்றாள் மீனா. "இப்ப நீங்க எந்திரிக்கலாம்."

இருவரும் திருதிருவென்று விழித்தார்கள். சட்டம் சட்டம்தானே! அப்பா லுங்கியை மடித்துக் கட்டினார். வெளியே இன்னும் வெளிச்சம் இருந்தது.

தெருவில் அப்பா சைக்கிள் சீட்டைப் பிடித்தார். மாமா கேரியரைப் பிடித்தார். மீனா விழுந்தாள், எழுந்தாள், மறுபடியும் ஏறினாள்.

"விடு மாப்ள, புள்ளையைப் போட்டு ஆட்டுற!"

"நீங்கதான் மச்சான் கோணலாப் பிடிக்கிறீங்க!"

சத்தம் எங்கோ தூரத்தில் கேட்டது. மீனா திரும்பிப் பார்த்தாள். பால் கடை வாசலில் நின்று, கையை நீட்டி நீட்டிச் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள் இருவரும். அப்படியானால், சைக்கிளை யார் பிடித்திருக்கிறார்கள்?

மீனா மணியை அடித்துக்கொண்டே தெருமுனையில் வளைந்து திரும்பினாள்.