சோறு ஆறிப்போவுது

லைன் வீடுகளின் கோடியில் கட்டிக் கிடக்கும் கறுப்பன், ஒலிபெருக்கி வேனைக் கண்டால் தொண்டை கிழியக் குரைக்கும். அன்று அந்தியில் அது குரைக்கவில்லை. இந்திராதேவி சோற்றுச் சட்டியோடு வரும்போது முனகுமே, அப்படி முனகியது.

அவள் கையில் சட்டி இல்லை. ஊரடங்கு மணி அடித்ததும் காவலர்கள் வழக்கம்போல எல்லா வீட்டுக் கதவுகளையும் வெளியிலிருந்து பூட்டிவிட்டுப் போயிருந்தார்கள். அவள் ஜன்னல் கம்பியைப் பிடித்து நின்றாள். செம்பனை மரங்களுக்கிடையே இருட்டு இறங்க, மழையில் ஊறிய மட்டை வாடையோடு டீசல் வாடையும் மெல்லக் கலந்து வந்தது.

ஏழு வயதானால் பிள்ளையை ஒப்படைக்க வேண்டும். புது ஆட்சியின் கட்டளை அது. மெர்லிமாவ் பக்கத்து எஸ்டேட்டுகளிலிருந்து போன ஒரு பிள்ளையும் திரும்பவில்லை. வேலியே பயிரை மேயும்போது யாரிடம் போய் அழுவது? தன் மகன் காந்தனையும் அவன் தங்கை வாணியையும், எதிரே பாழடைந்து கிடந்த ஆயாக்கொட்டகையில், முன்பு வேலைக்குப் போகும் தாய்மார் பிள்ளைகளை விட்டுப்போகும் இடத்தில், ஒளித்து வைத்திருந்தாள்.

"யாரு கூப்பிட்டாலும் வெளிய வரக்கூடாது. அம்மா குரல் கேட்டா மட்டும் வாங்க" என்று சொல்லியிருந்தாள். அந்த யோசனையில் அவளுக்குக் கொஞ்சம் பெருமைகூட உண்டு.

வேன் கொட்டகைக்கு எதிரே நின்றது. ஒலிபெருக்கி கரகரத்தது.

"காந்தா, வாணிக்குட்டி, சோறு ஆறிப்போவுது. வாங்க சாமி."

அவளுடைய குரல். கடைசியில் 'சாமி' என்று இழுப்பதும் அவளுடையதுதான்.

போன வாரம் தாய்மாரையெல்லாம் டவுன் மண்டபத்துக்குக் கூட்டிப்போய், மைக்கில் உறுதிமொழி வாசிக்க வைத்தார்கள். சந்தேகம் வந்துவிடக் கூடாதே என்று மற்றவர்களைவிடத் தெளிவாக வாசித்தவள் அவள்தான். அன்று பதிந்த குரலிலிருந்துதான் இதைச் செய்திருக்கிறார்கள்.

கொட்டகைக் கதவு கிறீச்சிட்டது.

"வராத காந்தா! உள்ள போ!"

இந்திராதேவி அலறினாள். வந்தது அவளுக்கே தெரியாத ஒரு குரல்.

கொட்டகை வாசலில் இரண்டு சின்ன உருவங்கள் நின்றன. அவள் ஜன்னல் பக்கம் திரும்பின. இருட்டில் அவள் முகம் தெரியவில்லை. வாணி அழ ஆரம்பித்தாள்.

"அது அம்மா இல்ல பாப்பா" என்றான் காந்தன். "அம்மா இப்படிக் கத்த மாட்டாங்க."

வேனின் பின்கதவு திறந்தது. உள்ளே மஞ்சள் வெளிச்சம்.

"வாங்க சாமி."

இந்திராதேவி கம்பியில் நெற்றியை மோதி மோதிக் கத்தினாள். காந்தன் தங்கையின் காதுகளை இரண்டு கைகளாலும் இறுகப் பொத்தி, அந்த வெளிச்சத்தை நோக்கி அவளை நடத்திக்கொண்டு போனான். கறுப்பன் வாலை ஆட்டிக்கொண்டிருந்தது.