எதிர் இருக்கையில் ஒரு டிஷ்யூ பொட்டலம்

"ஹலோ... இது நான் சோப் பண்ண டேபிள் லா!"

உமாமகேஸ்வரியின் குரல் கேட்டு அவன் நிமிர்ந்தான். மழையில் தொப்பலாக நனைந்திருந்தான். ஒரு கையில் தேநீர். மறு கையில், இடம் பிடிக்க அவள் மேசைமேல் வைத்துவிட்டுப் போன டிஷ்யூ பொட்டலம். அதில் பாதியைக் காலி செய்து தலையையும் முகத்தையும் துடைத்து முடித்திருந்தான், படுபாவி.

"சோப்பா?" என்று மேசையை இப்படியும் அப்படியும் பார்த்தான். "சோப்பு எதுவும் இல்லீங்களே... டிஷ்யூ மட்டுந்தான் இருந்துச்சு. கடைக்காரங்க வெச்சதுன்னு நினைச்சேன்."

அலாமா! ஊரிலிருந்து புதுசாக இறங்கிய ஆள். திட்டத்தான் வாயைத் திறந்தாள். சிரிப்பு முந்திக்கொண்டது. சாப்பாட்டுக் கடைகளில் டிஷ்யூ வைத்த இடம் ஆள் வரும் இடம் என்றும், இந்த ஊரில் அதற்குப் பெயர்தான் 'சோப்' என்றும் பாடம் எடுத்தாள்.

"அப்ப நான் உங்க வீட்டுக் கதவையே கழட்டித் தலை துவட்டியிருக்கேன்," என்றான் அவன். அந்தக் கண்கள்... குறும்பை ஒளித்து வைக்கத் தெரியாத கண்கள்.

தேக்கா சந்தையில் அன்று வேறு மேசை காலியில்லை. எதிரே உட்காரச் சொன்னாள். வேறு வழியில்லை என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். அவன் பெயர் ரமணன். பெரம்பலூர்க்காரன். ரயில் சுரங்க வேலையில் பொறியாளர். புதன்கிழமை அவனுக்கு ஓய்வு நாள்.

அவளுக்கும் விடுப்புதான். வருஷக் கடைசிக்குள் மிச்ச லீவைத் தீர்த்தே ஆகவேண்டும் என்று மேலாளர் கறாராகச் சொல்லிவிட்டதால் டிசம்பர் புதன்கிழமைகள் எல்லாம் அவள் கையில் வந்து விழுந்திருந்தன. லீவு என்றால் உமா ஓய்வெடுத்துவிடுவாளா என்ன! மடிக்கணினியைத் திறந்தாள். முடிக்க வேண்டிய ஆன்லைன் படிப்பு இருந்தது. ஆனாலும் பார்வை என்னவோ சிராங்கூன் சாலை மழையில்தான் நனைந்துகொண்டிருந்தது.

கைபேசி அடித்தது. அம்மா. "என்னம்மா பண்றே?"

"வேலையா இருக்கேம்மா... ரொம்ப பிஸி."

வைத்ததும் எதிரே சிரிப்புச் சத்தம். "ஏங்க, மழையத்தானே பாத்துட்டிருந்தீங்க?"

"உங்களுக்கென்ன வந்துச்சு?" என்றாள் சுருக்கென்று. கன்னம் சூடானது. தோ பாயோவில் அவள் வீட்டில் இரவுச் சாப்பாட்டோடு பரிமாறப்படும் கேள்வி ஒன்று உண்டு: 'இன்னைக்கு என்ன முடிச்சே?' பதில் இல்லாத நாளில் அவளுக்குச் சோறு இறங்காது. அம்மா கேட்காத நாளில் அவளே தன்னைக் கேட்டுக்கொள்வாள்.

அடுத்த புதனும் அவன் வந்தான். தேநீரைச் சொட்டுச் சொட்டாகக் குடித்தான், போகிற வருகிறவர்களைப் பார்த்தான், அவளைப் பார்த்தான். ஒரு மனுஷன் இவ்வளவு நேரம் ஒன்றுமே செய்யாமல், அதுவும் இவ்வளவு நிம்மதியாக இருக்க முடியுமா? அவளுக்கு எரிச்சலாக இருந்தது. கொஞ்சம் பொறாமையாகவும் இருந்தது.

அதற்கடுத்த புதன், "அந்தப் பொட்டிய மூடுங்களேன். மழை நிக்கிற வரைக்கும் பேசலாம்..." என்றான்.

மூடத்தான் ஆசை. அந்த ஆசையே அவளைப் பயமுறுத்தியது. நாக்கு முந்திக்கொண்டது. "உங்களுக்கு வேலைவெட்டி இல்ல. எனக்கும் அப்படியா?"

அந்தக் கண்களில் விளக்கு அணைந்தது. "உங்க நேரத்த வீணாக்கிட்டேன். தப்பா எடுத்துக்காதீங்க," என்று மழையோடு மழையாக இறங்கிப் போய்விட்டான்.

மறுவாரம் அவன் வரவில்லை. உமா தலை தூக்காமல் உட்கார்ந்து படிப்பை முடித்தாள். தேர்ச்சிச் சான்றிதழ் அப்போதே மின்னஞ்சலில் வந்தது. பார்த்தாள். சந்தோஷம் எட்டிப்பார்ப்பதற்குள் மனசு கேட்டது... 'அடுத்து என்ன?'

திக்கென்றது. இதற்காகவா அவனை விரட்டினேன்? எவ்வளவு முடித்தாலும் அடங்காத இந்தக் கேள்விக்கு, எனக்குப் பிடித்த ஒரு முகத்தையுமா தீனி போட வேண்டும்? போதும்!

கடைசி லீவு நாள். மடிக்கணினியை வேண்டுமென்றே வீட்டில் விட்டுவிட்டுக் கிளம்பினாள். தே ஹாலியா வாங்கிக்கொண்டு அதே மேசையில் அமர்ந்தாள். கை இரண்டு முறை கைபேசியைத் தேடிப் போனது, இழுத்துப் பிடித்தாள். உள்ளே குறுகுறுத்தது... குறுகுறுக்கட்டும் என்று விட்டாள். மழை கொட்டியது, இஞ்சித் தேநீர் தொண்டையில் இதமாக இறங்கியது, பூக்கடை மல்லிகை வாசம் ஈரத்தோடு வந்தது. எத்தனை வருஷமாக இதையெல்லாம் தவற விட்டிருக்கிறேன் என்று நினைத்தபோது அந்தக் குறுகுறுப்பு எங்கே போனது என்றே தெரியவில்லை.

"என்னங்க... பொட்டி எங்க?"

ரமணன்!

"போன வாரம் ஏன் வரல?" என்று பாய்ந்தாள்.

"வந்தேனே. அந்தத் தூணுக்குப் பின்னால உக்காந்திருந்தேன். உங்க வேலைய கெடுக்கக் கூடாதுல்ல... இன்னைக்குப் பொட்டியக் காணோம். அதான் தைரியமா வந்தேன்." உட்காரக் குனிந்தவன் சட்டென்று நின்றான். எதிர் இருக்கையில் புதுசாக ஒரு டிஷ்யூ பொட்டலம். "இடம் சோப் பண்ணியிருக்குங்களே... யாருக்கு?"

"டிஷ்யூவுக்கும் சோப்புக்கும் வித்தியாசம் தெரியாத ஒருத்தருக்கு."

"எத்தனை நாளைக்கு?"

"டிஷ்யூ தீர்ற வரைக்கும்..."

"தீந்துட்டா?"

"புதுசு வைப்பேன்." பார்வையைத் தாழ்த்தவில்லை உமா. "எனக்கு உங்கள பிடிச்சிருக்கு ரமணன். அன்னைக்குச் சொன்னது தப்பு. சாரி."

அணைந்த விளக்கு அந்தக் கண்களில் மறுபடி எரிந்தது. "மழைக்கு ஒதுங்கினது முதல் வாரம் மட்டுந்தாங்க," என்றான் மெதுவாக. "அப்புறம் வந்ததெல்லாம் உங்களுக்காகத்தான்."

பொட்டலத்தை எடுத்துப் பத்திரமாகச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தான். அப்போதுதானா கைபேசி அடிக்க வேண்டும்... அம்மா.

"என்னம்மா பண்றே?"

"சும்மா உக்காந்திருக்கேம்மா."

அம்மாவின் குரல் உயர்ந்தது. "சும்மாவா? தனியாவா?"

உமா எதிரே பார்த்துச் சிரித்தாள்.

"இல்லம்மா... ரெண்டு பேரா."