வெட்டி எறிந்த பியானோ

அல்மா அத்தா நகரத்தின் அந்தக் கோடை மழையை நினைத்தால் அக்மராலுக்கு இன்றும் சிரிப்பு வரும்… கூடவே கொஞ்சம் கண்ணீரும்.

அப்போதுதான் மாஸ்கோவில் பியானோ படித்துவிட்டு ஊர் திரும்பியிருந்தாள். கச்சேரி மேடை வேண்டாம், சினிமாவுக்குத்தான் இசையமைப்பேன் என்று அடம்பிடித்து இசையமைத்த முதல் படம். அதில் யாரோ கைவைத்துவிட்டார்கள். கோபத்தோடு ஸ்டூடியோவை விட்டு வெளியே வந்து, பஸ் நிறுத்தத்தில் தொப்பலாக நனைந்து நின்றவளின் தலைக்கு மேல் ஒரு குடை நீண்டது. குடைக்குக் கீழே இரண்டு கண்கள்… தூக்கம் கெட்டுச் சிவந்திருந்தாலும் சிரிக்க மறக்காத கண்கள்.

முன்பின் தெரியாதவனிடம் மனதைக் கொட்டுவது சுலபம். போருக்குப் போன மகனுக்காக ரயிலடியில் காத்திருக்கும் தாய், கடைசிப் பெட்டியிலும் அவன் இல்லாத அந்தக் காட்சி, அதற்குத் தான் உருகி உருகி வாசித்த பியானோ, அதை மொத்தமாக வெட்டி எறிந்த எடிட்டர்… எல்லாவற்றையும் சொன்னாள்.

"அந்த ஆளு காதுல பஞ்சா வச்சிருக்கான்? கசாப்புக் கடையில இருக்க வேண்டியவன்."

"பஞ்செல்லாம் இல்லீங்க. அந்தக் கசாப்புக்காரன் நான்தான்… பேரு தவ்லெத்."

அவள் குடையை விட்டு விலகி மழைக்குள் நடந்தாள்.

மறுநாளே இயக்குநரிடம் சண்டை போட்டு இசையைத் திரும்பச் சேர்க்க வைத்தாள். தவ்லெத் மறுபேச்சில்லாமல் ஒட்டிக் கொடுத்தான். அதன்பின் தாழ்வாரத்தில் அவன் எதிரே வந்தால் அவள் சுவரைப் பார்த்தாள். அவனோ அவளையே பார்த்தான்.

வெளியிடும் முன் படத்தை முதன்முதலாகத் திரையிட்டுப் பார்த்த அன்று, ரயிலடிக் காட்சியில் அரங்கமே மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தது. பியானோ தொடங்கியது. கைக்குட்டையை எடுத்த ஒரு பெண்மணி அதை மடியில் வைத்துவிட்டு, யார் வாசிப்பது, இவ்வளவு நன்றாக வாசிக்கிறார்களே என்று பக்கத்தில் விசாரித்தாள். அக்மராலுக்குச் சுருக்கென்றது. அந்தத் தாயை மறக்கடித்து, என்னையல்லவா பார்க்க வைத்துவிட்டேன்…

எடிட்டிங் அறைக் கதவைத் தட்டக் கை கூசியது. குத்திக்காட்டுவான் என்று நினைத்தாள். அவன் நாற்காலியை இழுத்துப் போட்டு, கிண்ணத்தில் பால் தேநீர் ஊற்றினான்.

"வெட்டிடுங்க," என்றாள். "நீங்க செஞ்சதுதான் சரி."

அவன் படச்சுருளை எடுத்தான். அவளால் கேட்காமல் இருக்க முடியவில்லை.

"என் வாசிப்பு உங்களுக்குப் பிடிக்கவே இல்லையா?"

தவ்லெத் கத்தரியைக் கீழே வைத்தான். முதல்முறையாக அவன் கண்கள் அவளைப் பார்க்கத் தயங்கின.

"முதல் தடவை வேலைக்காகக் கேட்டேன். இந்த இடத்துல வேண்டாம்னு அப்பவே தெரிஞ்சுபோச்சு. ஆனா அதுக்கப்புறமும் தினமும் போட்டுக் கேட்டேன்… அது வேலைக்காக இல்ல, அக்மரால். உங்களுக்காக."

தெருவில் ஒரு டிராலிபஸ் நின்று, கிளம்பிப் போனது. அவள் தலை நிமிரவில்லை. காதுமடல்கள் மட்டும் சிவந்திருந்தன.

"இனிமே சுருள்ல கேக்காதீங்க," என்றாள் மெல்ல. "நீங்க கேக்கறதுன்னா… நானே வாசிக்கிறேன். எப்பவும்."