கெகோவாப் படகில் ஒரு மதியச் சாப்பாடு

மீன் தட்டை மடியில் வைத்தபடியே ஜெவ்தெத் பக்கவாட்டில் சரிந்தார்.

பக்கத்து இருக்கையில் இருந்த பெரிஹான் ஒரு கையால் அவர் தோளைத் தாங்கினாள்; மறு கையால் தட்டைப் பிடித்தாள். டெனிஸ்லி நகரக் குற்றப்பிரிவு இன்ஸ்பெக்டர் அவள். விடுமுறைக்குத்தான் வந்திருந்தாள். ஆனாலும் விழுகிற மனிதனையும் அவன் தின்ற பொருளையும் சேர்த்துப் பிடிக்க அவள் கைகள் பழகியிருந்தன.

மதியம் ஒன்றரை மணி. காலையில் துருக்கியின் தென்கரையில் உள்ள காஷ் துறையிலிருந்து கிளம்பிய சுற்றுலாப் படகு, கெகோவாத் தீவின் மறுபக்கம், பாறை சூழ்ந்த ஒரு குடாவில் நங்கூரம் போட்டு நின்றது. பாதிப் பேர் தண்ணீரில், பாதிப் பேர் தட்டோடு. படகு முழுக்கச் சுட்ட மீனின் வாசனை.

ஜெவ்தெத்தின் நெற்றி சில்லென்று வேர்த்திருந்தது. வாந்தி எடுத்தார். பெரிஹான் நாடி பிடித்துப் பார்த்தாள். அது ஒரு தரம் அடித்து, யோசித்து, அப்புறம் அடுத்ததை அடித்தது.

"கேப்டன், கடலோரக் காவலைக் கூப்பிடுங்க. உடனே."

தண்ணீரிலிருந்து ஜெவ்தெத்தின் மனைவி சபாஹத் ஏணியைப் பிடித்து ஏறி வந்தாள். நங்கூரம் விழுந்ததும் குதித்தவள், சாப்பிடக் கூப்பிட்டபோதும் ஏறவில்லை. இப்போது நீர் சொட்டச் சொட்ட வந்து கணவரின் தலையை மடியில் ஏந்திக்கொண்டாள்.

அவர்களோடு வந்திருந்த நண்பர் ஃபெரித், பெரிஹானின் கையிலிருந்த தட்டை எட்டிப் பார்த்தார். கட்டடப் பொறியாளர், வெள்ளைச் சட்டை, கழுத்தில் தொங்கும் மூக்குக்கண்ணாடி. அதை மாட்டிக்கொண்டு மறுபடி பார்த்தார்.

"இது பிரிஞ்சி இலை இல்லையே," என்றார். "அரளி மாதிரி இருக்கு."

அவர் சத்தமாகச் சொல்லவில்லை. ஆனாலும் படகின் மறுகோடி வரை அது போய்ச் சேர்ந்தது. யாரோ தட்டைக் கடலில் வீசினார்கள். அடுத்தடுத்து நாலைந்து தட்டுகள் போய் விழுந்தன. ஒருத்தி தொண்டைக்குள் விரலை விட்டுக்கொண்டாள்.

இந்தக் கரையில் மீனைத் துண்டு போட்டுக் கம்பியில் கோக்கும்போது, துண்டுக்குத் துண்டு நடுவே ஒரு பிரிஞ்சி இலையைச் செருகுவார்கள். அரளி இலையும் பார்க்க அதே நீளம், அதே பச்சை. எல்லார் கண்ணும் அடுப்படிக்குத் திரும்பியது.

அடுப்படியில் நின்றவள் குலிசார், கேப்டன் யாகூப்பின் மூத்த அக்கா. கணவன் போனதிலிருந்து தம்பியின் படகில் சமைக்கிறாள்.

"என் வீட்டுக் கொல்லையில இருக்கற மரம். நானே பறிச்சது," என்றாள். "அரளிக்கும் அதுக்கும் வித்தியாசம் தெரியாமயா இத்தன வருஷம் அடுப்புல நிக்கறேன்?"

"பறிக்கறப்போ ஒண்ணு ரெண்டு கலந்திருக்கும்," என்றார் ஒருவர்.

"அரளிய மோந்து பாத்தா மாடுகூடத் திங்காது. நான் கலப்பனா?"

யாகூப் கடலோரக் காவலோடு பேசி முடித்து, வானொலியை வைத்துவிட்டு வந்தான். அக்காவின் பக்கத்தில் நின்று குரலைத் தாழ்த்தினான்.

"அக்கா, நெஜத்தச் சொல்லு. கண்ணு மங்குதுன்னு போன வாரம் நீயேதானே சொன்ன?"

குலிசார் அவனைப் பார்த்தாள். அடுப்பை அணைத்தாள்.

*

கடலோரக் காவல் படகு வந்துசேர முக்கால் மணி நேரம் ஆகும். அதுவரை வானொலியில் ஒரு டாக்டர் கேள்வி மேல் கேள்வி கேட்டார். என்ன சாப்பிட்டார்? எவ்வளவு? முக்கியமாக, எப்போது?

"இப்பத்தான். ரெண்டு வாய் மீன்," என்றான் யாகூப்.

"நல்லா விசாரிச்சுச் சொல்லுங்க. உள்ள போய் எவ்வளவு நேரம்ங்கறத வெச்சுத்தான் இங்க மருந்து தயார் பண்ணணும்."

பெரிஹான் தட்டோடு கேப்டனின் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

தட்டில் பிரிஞ்சி இலைகள் மூன்று இருந்தன. ஓரம் கருகி, சுருண்டு, தொட்டால் பொடிகிற இலைகள். நாலாவது, மீன் துண்டுக்கு அடியில் பாதி மறைந்திருந்தது. அதுதான் அரளி. அவள் அதை விரலில் மடக்கிப் பார்த்தாள். மடங்கியது. விட்டாள். நிமிர்ந்தது.

காலையிலிருந்து நடந்ததை மனசுக்குள் முதலிலிருந்து ஓட்டினாள்.

கிளம்பியதும் ஜெவ்தெத் ஒரு துணிப்பையைக் காலடியில் வைத்துக்கொண்டு அவளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். பையிலிருந்து எடுத்து ஏதோ மூலிகை டீ குடித்தார். ஃபெரித்துக்கும் நீட்டினார், அவர் தலையாட்டி மறுத்துவிட்டார். அப்புறம் படகு, பழங்காலத்தில் கடலுக்குள் முழுகிய நகரத்தின் மேல் மெல்ல ஊர்ந்தது. நீருக்கடியில் இறங்கும் கல் படிகளை எல்லாரும் குனிந்து பார்த்தார்கள். அப்போதுதான் ஜெவ்தெத் கேட்டார்:

"இன்னிக்குத் தண்ணி ஏன் இப்படி மஞ்சளாத் தெரியுது?"

எல்லாரும் சிரித்தார்கள். "கண்ணாடிய மாத்துடா, கிழவா," என்றார் ஃபெரித். ஜெவ்தெத் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பார்த்தார். "இப்பவும் மஞ்சளாத்தான் இருக்கு," என்றார். பேச்சு வேறு பக்கம் போய்விட்டது.

பெரிஹான் எழுந்து கதவைத் திறந்தாள்.

"குலிசார் அக்கா, இங்க வாங்க. அவர் தட்ட அவர்கிட்ட யார் கொண்டு போய்க் குடுத்தாங்க?"

"நான் மேடையில வரிசையா எடுத்து வெச்சேன். அந்தக் கண்ணாடிக்காரர் வந்து ரெண்ட எடுத்துட்டுப் போனார். தனக்கொண்ணு, சிநேகிதருக்கொண்ணு."

"உங்களுக்கு வேண்டாதவங்க யாராவது படகுல உண்டா?"

"சமைக்கறவளுக்கு ஒரே விரோதிதான் அம்மா. உப்பு."

அடுத்து ஃபெரித் வந்தார். ஈரமான கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"எத்தன நாள் பழக்கம்?"

"காலேஜ்லேர்ந்து. அப்புறம் ஒரே ஆபீஸ். கட்டடம் கட்றவங்களோட வரைபடத்தச் சரிபாத்துக் கையெழுத்துப் போடற வேல."

"இந்தப் பயணம் யார் யோசனை?"

"என்னுது. அவன் கொஞ்ச நாளா வாடிப்போய் இருந்தான். கடலப் பாத்தா மனசு தெளியும்னு கூட்டிட்டு வந்தேன்."

"ஏன் வாடினார்?"

"வயசாச்சுல்ல."

"வயசு இல்ல." கணவரின் தலைக்கு ஒரு துண்டை வைத்துவிட்டு வந்த சபாஹத் வாசலில் நின்றிருந்தாள். "வர்ற வாரம் கோர்ட்டுல சாட்சி சொல்லப் போறார். நிலநடுக்கத்துல ஆளுங்களோட விழுந்துதே, எங்க ஊர் ஆறு மாடிக் கட்டடம். கீழ கடை வைக்கணும்னு ரெண்டு தூண எடுத்துட்டாங்க. எடுத்தா ஒண்ணும் ஆகாதுன்னு எழுதிக் குடுத்தது இவங்க ஆபீஸ்."

"சபாஹத், அதெல்லாம் இப்ப எதுக்கு?"

"அவர் தூங்கி எவ்வளவு நாளாச்சுன்னு எனக்குத்தான் தெரியும்."

தூரத்தில் எஞ்சின் சத்தம் கேட்டது. பாறைக்கு அப்பால் கடலோரக் காவல் படகின் கொடி தெரிந்தது. ஃபெரித் சட்டென்று வெளியே போய், ஜெவ்தெத்தின் காலடியில் இருந்த துணிப்பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டார்.

"நான் இவன்கூடப் போறேன். இவங்க இருக்கற நிலமையில ஆஸ்பத்திரியில தனியா எப்படிச் சமாளிப்பாங்க?"

"பையில என்ன இருக்கு?" என்றாள் பெரிஹான்.

"துண்டு, தொப்பி. மாத்துத் துணி."

"பிளாஸ்கும் இருக்கு," என்றாள் சபாஹத். "பித்தத்துக்குத் தினமும் மூலிகை டீ குடிப்பார். ஒரே கசப்பு, வேற யாரும் வாயில வைக்க மாட்டாங்க. காலையில விடுதியில நான்தான் போட்டு ஊத்தினேன்."

ஃபெரித் பெரிஹானை நெருங்கி நின்றார். ஆனால் எல்லார் காதிலும் விழும்படிதான் பேசினார்.

"இத நான் சொல்லக் கூடாதுன்னு இருந்தேன். ஆறு மாசமா இவங்க ரெண்டு பேருக்கும் பேச்சுவார்த்தையே சரியில்ல. சாட்சி சொன்னா வீடு வாசல் எல்லாம் போயிடும்னு இவங்களுக்குப் பயம்."

கூட்டத்தின் பார்வை குலிசாரை விட்டு மெல்ல நகர்ந்து சபாஹத்தின் மேல் விழுந்தது. ஒரு தாய் தன் பிள்ளையைப் பின்னால் இழுத்துக்கொண்டாள்.

சபாஹத் ஃபெரித்தின் தோளிலிருந்து பையைப் பிடுங்கினாள். பிளாஸ்கைத் திறந்து மூடி நிறைய ஊற்றினாள்.

"நான் போட்ட டீதானே? நானே குடிக்கறேன்."

மூடி உதட்டைத் தொடுவதற்குள் பெரிஹான் அவள் மணிக்கட்டைப் பிடித்தாள். டீ தளத்தில் சிந்தியது.

"வேண்டாம். இதுல விஷம் இருக்கு. உங்களுக்கு அது தெரியாதுன்னு எனக்கு இப்பத் தெரியும்."

பிளாஸ்கை மூடித் தன்னிடம் வைத்துக்கொண்டு யாகூப்பிடம் திரும்பினாள்.

"டாக்டர்கிட்டச் சொல்லுங்க. அரளிதான். ஆனா மீன்ல இல்ல. காலையிலயே உள்ள போயிருக்கு. நாலஞ்சு மணி நேரம் ஆச்சு."

யாகூப் வானொலிக்கு ஓடினான்.

*

"எப்படிச் சொல்றீங்க?" என்று கேட்டார் ஃபெரித்.

"ரெண்டு வாய் மீன் தின்ன உடனே ஒருத்தர் இப்படி விழமாட்டார். முழுகின ஊரத் தாண்டறப்போ தண்ணி மஞ்சளாத் தெரியுதுன்னார். கண்ணாடியக் கழட்டியும் மஞ்சளாத்தான் தெரிஞ்சுது. அரளி ரத்தத்துல ஏறினா சிலருக்குப் பாக்கறதெல்லாம் மஞ்சளாகும். அப்ப அடுப்பே பத்த வைக்கல. நான் பக்கத்துலயே இருந்தேன். எல்லாரோடவும் சேந்து நானும் சிரிச்சேன்."



"அப்போ தட்டுல இருந்த இலை?"

"அது நெருப்பையே பாக்காத இலை. மத்தது மூணும் கருகிப் பொடியாகுது; இது மடக்கினா நிமிருது. கம்பியில கோத்திருந்தா அதுவும் கருகியிருக்கும். மீன் தட்டுக்கு வந்த பிறகு யாரோ செருகினது."

"சமையல்காரி செருகியிருக்கலாமே."

"தன் கழுத்துக்குத் தானே சுருக்கு மாட்டிக்கவா? அந்த இலைய வெச்சவருக்கு, பழி அடுப்படியோட நிக்கணும். பிளாஸ்க் பக்கம் யாரும் போகக் கூடாது."

பெரிஹான் ஒரு அடி முன்னால் வைத்தாள்.

"சபாஹத் அம்மா பிளாஸ்கத் தொட்டாங்க. ஆனா சாப்பாட்டு நேரம் பூரா தண்ணியில இருந்தாங்க. தட்டுக்கிட்ட வரவே இல்ல. குலிசார் அக்கா தட்டத் தொட்டாங்க. பிளாஸ்க் இருந்தது அவங்களுக்குத் தெரியவே தெரியாது. அம்மா, காலையில பைய யார் படகுக்குக் கொண்டு வந்தது?"

"இவர்தான்," என்று ஃபெரித்தைக் காட்டினாள் சபாஹத். "நான் அறையப் பூட்டிட்டு வர்றதுக்குள்ள, நான் தூக்கறேன்னு எடுத்துட்டுக் கீழ போயிட்டார்."

"பிளாஸ்கயும் தொட்டு, தட்டயும் தொட்டவர் இந்தப் படகுல ஒருத்தர்தான். விஷத்தக் கலந்துட்டீங்க. ஆனா மிச்சத்தக் கடல்ல கொட்ட வாய்ப்புக் கிடைக்கல. அவர் பையக் காலடிய விட்டு நகத்தவே இல்ல. அதனாலதான் இப்ப அதத் தூக்கிட்டுப் போக இவ்வளவு அவசரம்."

ஃபெரித் சுற்றிலும் பார்த்தார். ஒருவர் முகத்திலும் அவருக்கு ஆதரவு இல்லை.

"உங்களுக்கு என்ன தெரியும்," என்றார். "நான் மகளக் கட்டிக் குடுத்திருக்கேன். பேரன் இருக்கான். என்னிக்கோ எடுத்த ரெண்டு தூணுக்காக எல்லார் முன்னாடியும் என்னக் கொலகாரன்னு சொல்லப் போறான் இவன்."

சபாஹத் மறுபடி மடியில் ஏந்திக்கொண்ட ஜெவ்தெத் கண்ணைத் திறந்திருந்தார். எவ்வளவு நேரமாகக் கேட்டுக்கொண்டிருந்தாரோ தெரியாது. உதடு அசைந்தது. பெரிஹான் குனிந்தாள். ஆனால் அவர் பேசியது ஃபெரித்திடம்.

"உன்ன மட்டும்னு யார்டா சொன்னா? அதுல மொதக் கையெழுத்து என்னுது. என் பேரத்தான் முதல்ல சொல்லப் போனேன்."

ஃபெரித் அங்கேயே, சிந்திய டீயின் மேலேயே உட்கார்ந்துவிட்டார். காவல் படகு வந்து ஒட்டியபோதும் அவர் எழவில்லை. இரண்டு பேர் கைகொடுத்துத் தூக்க வேண்டியிருந்தது.

*

ஜெவ்தெத் பிழைத்தார். வழக்கு தள்ளிப்போய், அந்தக் குளிர்காலத்தில் கோர்ட்டில் நாற்காலி போட்டு உட்கார வைத்து அவரிடம் சாட்சி வாங்கினார்கள். சொன்னபடியே தன் பெயரை முதலில் சொன்னார், தண்டனையும் வாங்கிக்கொண்டார். சபாஹத் ஒரு நாள்கூடத் தவறாமல் கோர்ட்டுக்கு வந்தாள்.

ஆனால் அது பிறகு. அன்று மாலை, படகு காஷுக்குத் திரும்பிக்கொண்டிருந்தது. நாடி சீராகிவிட்டது என்று வானொலியில் செய்தி வந்தது. ஜனங்களுக்குப் பேச்சு திரும்பியது, பசியும் திரும்பியது. மதியம் தட்டை முதலில் வீசியவர் அடுப்படிப் பக்கம் வந்து நின்றார்.

"குலிசார் அக்கா, ஏதாவது இருக்கா?"

அவள் ரொட்டியும் தக்காளியும் நறுக்கி வைத்தாள். வந்தவர்களுக்கெல்லாம் கொடுத்தாள். ஒருவரிடமும் முகம் கோணவில்லை.

எல்லாரும் போன பிறகு யாகூப் வந்தான். சுக்கானை வேறொருவரிடம் கொடுத்துவிட்டு வந்திருந்தான்.

"அக்கா, அந்த நேரத்துல எனக்குப் புத்தியே இல்ல."

"அவங்க யாரோ," என்றாள் குலிசார். "காலையில வந்தாங்க, சாயங்காலம் போவாங்க. அவங்க கேட்டது எனக்கு ஒறைக்கல."

"நான் பயந்துட்டேன். படகப் பிடுங்கிடுவாங்கன்னு."

"தெரியும்."

அவள் கத்தியைக் கழுவித் துடைத்தாள். கம்பிகளையும் ஒவ்வொன்றாகத் துடைத்தாள். படகு துறையில் ஒட்டியதும், தினமும் படகிலேயே விட்டுப்போகும் அவற்றை ஒரு துணியில் சுற்றி, இடுப்பில் வைத்துக்கொண்டு, பயணிகளோடு பயணியாக இறங்கினாள்.

பெரிஹான் கரையில் நின்று பார்த்தாள். யாகூப் கயிற்றைக் கையில் பிடித்தபடி, கட்ட மறந்து, அக்கா போன பாதையையே பார்த்துக்கொண்டு நின்றான். படகு மெல்லக் கரையை விட்டு விலகத் தொடங்கியது.