எடைக்கு நின்றவள்

திருவிடந்தை கோவிலைத் தாண்டி, கடல் பக்கம் திரும்பும் சந்துக்குள் என் ஸ்கூட்டரை விட்டபோது நல்ல மதியம். வெயில் மண்டையைப் பிளந்தது. பேய்க் கதை சொல்கிறவர்கள் எல்லோரும் நடுராத்திரியில்தான் ஆரம்பிப்பார்கள். எனக்கு நடந்தது பட்டப்பகலில். அதனால்தான் இன்றைக்கும் விளக்கைப் போட்டுக்கொண்டு படுத்தால்கூட எனக்குத் தூக்கம் வருவதில்லை.

என் பெயர் ரூத். ஊர் கோவளம். நர்ஸ் படிப்பை முடித்துவிட்டு, இன்சூரன்ஸ் கம்பெனிகளுக்காக வீடு வீடாகப் போய் ரத்தம் எடுத்து, பிரஷர் பார்த்து, எடை போட்டு அனுப்புகிறேன். பையில் ஒரு வெயிட் மெஷின் எப்போதும் இருக்கும். மனுஷர்கள் புளுகுவார்கள், என் மெஷின் புளுகாது என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் பீற்றிக்கொள்வேன்.

அன்றைக்குப் போனது மோகன் என்பவரின் வீட்டுக்கு. அவர் வேலை பார்க்கும் கம்பெனியின் குரூப் பாலிசியில், உடம்பு இளைக்கப் போடும் ஊசிக்கும் பணம் கொடுக்கிறார்கள். இது அபூர்வம். மற்ற இடங்களில் 'அழகுக்குப் போடுறதுக்கெல்லாம் கிடையாது' என்று கதவைச் சாத்திவிடுவார்கள். இங்கே நிபந்தனை இதுதான்: ஊசி தொடங்கும்போது எடை ஒரு கோட்டுக்கு மேலே இருக்க வேண்டும், அப்புறம் மாதாமாதம் இறங்க வேண்டும். மெஷின் மேல் ஏறி நின்று, பாதமும் நம்பரும் தெரிகிற மாதிரி வீட்டிலேயே படம் எடுத்து ஆப்பில் ஏற்றினால் போதும். முகம் தேவையில்லை.

மோகனின் மனைவி ஜெயப்பிரியா முதல் மாதம் நூற்றுப் பதினெட்டு கிலோ. அரை வருஷம் கழித்தும் அதே நூற்றுப் பதினெட்டு. மருந்தின் அளவைக் கூட்டிக்கூட்டிப் பார்த்தும் அசையவில்லை. நேரில் போய்ப் பார், இன்னும் இறங்கவில்லை என்றால் நிறுத்திவிடலாம் என்று எனக்கு உத்தரவு வந்தது.

கதவைத் திறந்தவளைப் பார்த்ததும் இவள் அந்த வீட்டில் இருக்கும் வேறு யாரோ ஒரு நோயாளி என்று நினைத்தேன். நைட்டி தோளில் நிற்காமல் சரிந்துகொண்டே இருந்தது. கன்னம் ஒட்டி, கண்கள் உள்ளே போயிருந்தன.

"ஜெயப்பிரியாவ கூப்புடும்மா. இன்சூரன்ஸ்லேர்ந்து வந்துகீறேன்."

"நான்தான்க்கா ஜெயப்பிரியா."

வேறு யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன். அவள் சொன்ன விதத்தில் எனக்குச் சிரிப்பு வரவில்லை.

உள்ளே எல்லா வீடும் போலத்தான். ஹால், டிவி, மூலையில் பூஜை அலமாரி. சுவரில் மாலை போட்ட ஒரு போட்டோ. அகலமான முகத்தோடு ஒரு அம்மாள், நாற்பது தாண்டியவள், வாய் நிறையச் சிரித்துக்கொண்டிருந்தாள். ஜன்னல்கள் திறந்துதான் இருந்தன. ஆனாலும் கடல் காற்று வாசனை துளிகூட இல்லை. முட்டி வலிக்குத் தேய்க்கிற தைல வாசனை வீடு முழுக்க நிறைந்து கிடந்தது.

"யாருக்கும்மா முட்டி வலி?"

அவள் போட்டோவுக்கு முதுகைக் காட்டித் திரும்பி நின்றாள்.

மெஷினைத் தரையில் வைத்து முதலில் நான் ஏறினேன். என் எடை சரியாகக் காட்டியது. "இப்ப நீ ஏறு" என்றேன்.

அவள் ஏறினாள். நரம்பு தெரிகிற ஒல்லிப் பாதங்கள். இரண்டாவது விரல்களில் மெட்டி தொளதொளவென்று ஆடியது.

நூற்றுப் பதினெட்டு.

இறங்கச் சொன்னேன். மறுபடி ஏறச் சொன்னேன்.

நூற்றுப் பதினெட்டு.

"மெஷின் பேஜாராய்டுச்சு போல" என்று சொல்லிக்கொண்டே, பழக்க தோஷத்தில் செல்போனைக் குனிந்து பிடித்துப் படம் எடுத்தேன். எடுத்த படத்தைப் பார்த்தேன்.

படத்தில் அந்த ஒல்லிப் பாதங்கள் இல்லை.

வீங்கிய, அகலமான இரண்டு பாதங்கள் மெஷின் மேல் நின்றன. மெட்டி கிடையாது. இடது கட்டைவிரல் நகம் கறுத்துப் பிளந்திருந்தது.

நிமிர்ந்து பார்த்தேன். மெட்டி போட்ட பாதம். செல்போனைப் பார்த்தேன். கறுத்த நகம்.

"ஏசப்பா" என்றேன். போன் கையிலிருந்து நழுவியது.

"அது அண்ணியோட காலு" என்றாள் ஜெயப்பிரியா, போட்டோவைப் பார்க்காமல். "எல்லா மாசமும் அப்பிடித்தான் விழுது. மூணு மெஷின் மாத்திட்டாரு எங்க வூட்டுக்காரு."

அவள் மெஷினை விட்டு இறங்கிச் சுவரோரம் உட்கார்ந்தாள். பிறகு மெல்லிய குரலில் சொல்ல ஆரம்பித்தாள்.

கல்யாணமாகிப் பல வருஷம் குழந்தை இல்லை. உடம்பைக் குறைத்துக்கொண்டு வந்தால் வைத்தியம் ஆரம்பிக்கலாம் என்று டாக்டர் சொன்னார். அந்த ஊசி போட்டால் சீக்கிரம் இளைக்கலாம். ஆனால் கம்பெனி போட்ட கோட்டுக்கு அவள் எடை பத்தவில்லை. குண்டுதான், ஆனால் போதிய குண்டு இல்லை. இந்தக் கூத்தை நான் நிறைய வீடுகளில் பார்த்திருக்கிறேன்.

வீட்டிலேயே இன்னொருத்தி இருந்தாள். மோகனின் அக்கா அம்சா. கல்யாணம் ஆகாதவள். தம்பியை வளர்த்து ஆளாக்கியவள். சர்க்கரை, முட்டி வலி, நாலு படி ஏறினால் மூச்சு வாங்கும். அந்த ஊசி நிஜமாகவே தேவைப்பட்டது அவளுக்குத்தான். ஆனால் பாலிசியில் பெண்டாட்டிக்கு இடம் உண்டு, அக்காவுக்குக் கிடையாது.

"மொத போட்டோவுக்கு நீங்க நில்லுங்க அண்ணி, ஊசி வந்தா ஆளுக்குப் பாதின்னு சொன்னோம்க்கா. சரின்னு ஏறி நின்னாங்க. எனக்காக நிக்கறதுல அவ்ளோ சந்தோஷம் அவங்களுக்கு."

"அப்பறம்?"

"ஊசி வந்துச்சு. பாதி பாதி போட்டா வேலை செய்யாதுன்னு இவரு சொன்னாரு. அண்ணி வாராவாரம் வந்து கேப்பாங்க. 'எனக்கும் ஒண்ணு போடேன் பிரியா'ன்னு. அடுத்த வாரம் அண்ணி, அடுத்த வாரம் அண்ணின்னு சொல்லிகினே இருந்தேன்." அவள் முகத்தை மூடிக்கொண்டாள். "ரெண்டாவது போட்டோ எடுக்கறதுக்குள்ள போய்ட்டாங்க. மாடிக்குத் துணி காயப்போடப் போனவங்க, படியிலயே உக்காந்தாப்ல இருந்தாங்க."

அந்த அம்மாளை நான் கண்டதில்லை. ஆனாலும் வயிறு எரிந்தது.

"ஊசிய நிறுத்துடி மொதல்ல. எலும்பும் தோலுமா கீற."

"நிறுத்தி ரெண்டு மாசம் ஆவுதுக்கா."

நைட்டியை விலக்கி வயிற்றைக் காட்டினாள். தொப்புளைச் சுற்றி ஊசி குத்திய தடங்கள். சில ஆறிப்போனவை. ஒன்றில் ரத்தம் இன்னும் காயவில்லை.

"மத்தியானம் கண்ணசந்தா போட்டுட்டுப் போய்டறாங்க. 'உனக்குத்தானே வேணும், போட்டுக்கோ'ன்னு காதுல கேக்குது. ஒரு வாய் சோறு எறங்கல. ஆஸ்பத்திரிக்குப் போலாம்னா, மோசடின்னு வேலை போய்டும்னு பயந்துகினு கீறாரு இவரு."

டிக்.

சமையலறைப் பக்கமிருந்து வந்தது. எனக்கு நன்றாகத் தெரிந்த சத்தம். அந்த ஊசி பேனா மாதிரி இருக்கும். பின்னால் உள்ள திருகைத் திருப்பி மருந்தின் அளவை வைக்க வேண்டும். ஒவ்வொரு திருகலுக்கும் ஒரு டிக்.

டிக். டிக். டிக்.

போய்ப் பார்த்தேன். ஃப்ரிட்ஜ் கதவு திறந்து கிடந்தது. சமையல் மேடையில் பேனா, ஊசி மாட்டித் தயாராக இருந்தது. திருகு கடைசி அளவு வரை திரும்பியிருந்தது.

யாரும் இல்லை.

மூச்சு வாங்கும் சத்தம் மட்டும் கேட்டது. மாடிப்படி ஏறி வந்தவர்கள் விடுகிற மாதிரி, நீளமாக.

பேனாவைப் பிடுங்கிக்கொண்டு ஹாலுக்கு ஓடினேன். "எழுந்திரு, செங்கல்பட்டு பெரியாஸ்பத்திரிக்குப் போலாம். வேலை போனா மயிரே போச்சுன்னு வுடு!" என்று ஜெயப்பிரியாவின் கையைப் பிடித்து இழுத்தேன்.

அசையவில்லை.

ஒரு கையால் தூக்கிவிடலாம் போலிருந்த பெண். இரண்டு கையாலும் பலம்கொண்ட மட்டும் இழுத்தேன். கல் உரலை இழுப்பது போல இருந்தது. என் உள்ளங்கையில் அவள் எலும்பு மட்டும் நறநறத்தது.

"தோள்ல கைய வச்சிகினு கீறாங்க" என்று கிசுகிசுத்தாள். நைட்டியின் தோள் பகுதி விரல் விரலாக அமுங்கியிருந்தது.

தைல நெடி என் கண்ணைக் கரித்தது.

எனக்கு ஜெபம்கூட மறந்துபோனது. அவள்தான் திணறித் திணறிச் சொன்னாள்.

"அக்கா, காரியத்தன்னிக்குப் படையல் போட்டோம். வடை, கறிக்கொழம்பு, அவங்களுக்குப் புடிச்ச ஜிலேபி, முட்டிக்குத் தடவற தைலம்கூட வச்சோம். சாவறவரைக்கும் கேட்டது ஒண்ணே ஒண்ணு. அத மட்டும் வைக்கல."

என் கையிலிருந்த பேனாவை இரண்டு பேரும் பார்த்தோம்.

நான் சர்ச்சுக்குப் போகிறவள். படையலில் எனக்கு நம்பிக்கை கிடையாது. ஆனாலும் ஒரு வாழை இலைத் துண்டைக் கண்டுபிடித்து, அம்சாவின் போட்டோவுக்குக் கீழே விரித்து, பேனாவை அதன் மேல் வைத்தேன். அந்தக் கணமே ஜெயப்பிரியாவால் எழுந்திருக்க முடிந்தது. தவழ்ந்து வந்து சூடம் ஏற்றினாள்.

"மன்னிச்சுக்கோங்க அண்ணி. இது உங்களுது. முழுசும் உங்களுது."

அவர்கள் வழக்கப்படி, படையல் வைத்தால் எல்லோரும் வெளியே வந்து கதவைச் சாத்திவிட வேண்டும். இறந்தவர் வந்து சாப்பிட்டுப் போக நேரம் விடுவார்கள். நாங்களும் வாசலுக்கு வந்து கதவைச் சாத்தினோம். எதிரே இருந்த சவுக்குத் தோப்பில் ஒரு காக்கைகூடக் கத்தவில்லை.

உள்ளே கனமான காலடி. ஒரு காலை இழுத்து இழுத்து வைக்கிற நடை.

டிக். டிக். டிக்.

பிறகு ஒரு பெருமூச்சு. ரொம்ப நாள் கேட்டது கைக்கு வந்தால் வருகிற பெருமூச்சு.

கதவைத் திறந்தபோது சூடம் அணைந்திருந்தது. பேனா காலி. ஊசி முனையில் ஒரு துளி மின்னியது. ஜெயப்பிரியாவை மெஷினில் ஏற்றினேன்.

நாற்பத்தொன்று.

படத்திலும் அவள் பாதம்தான் விழுந்தது, மெட்டியோடு. அதை அப்படியே ஏற்றி அனுப்பினேன். ஒரே மாதத்தில் பாதிக்கு மேல் ஆள் காணாமல் போனதைக் கம்பெனி கேள்வி கேட்கவில்லை. 'இலக்கு எட்டப்பட்டது. வாழ்த்துகள். இத்துடன் உங்கள் மருந்துச் சலுகை முடிவடைகிறது' என்று உடனே பதில் வந்தது. எடை குறையவில்லை என்றாலும் நிறுத்துவார்கள், குறைந்தாலும் நிறுத்துவார்கள். ஆனால் இந்த ஊசியை நிறுத்தினால் போன எடை திரும்பி வந்துவிடும். அது எங்கள் வேலையில் இருக்கிற எல்லோருக்கும் தெரியும்.

மோகனுக்குப் போன் போட்டு, வாயில் வந்ததையெல்லாம் சொல்லித் திட்டி வரவழைத்து, அன்றைக்கே அவளைப் பெரியாஸ்பத்திரியில் சேர்த்தோம். பிழைத்துக்கொண்டாள். வீடு திரும்பியதும், ஃப்ரிட்ஜில் மிச்சமிருந்த பேனாக்களை வாரத்துக்கு ஒன்றாக அண்ணிக்குப் படைத்துக்கொண்டிருந்தாள். சில மாதம் கழித்து ஒரு நாள் பையும் மெஷினுமாக அவளைப் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். மறுநாள் எனக்குப் போன் செய்தாள்.

"கடைசி பேனா போன வாரமே தீந்துடுச்சுக்கா. பயந்துகினே மெஷின்ல ஏறினேன். என் வெயிட்டுதான் காட்டுது. தைல வாசனையும் இல்ல. அண்ணி போய்ட்டாங்க."

"எங்க போனாங்களாம்?" என்று விளையாட்டாகக் கேட்டேன்.

"நேத்து நீங்க வந்து பாத்துட்டுப் போனீங்களே, அப்பலேர்ந்தே இல்லக்கா."

அந்தப் போன் வந்த அன்று சாயங்காலம் கருங்குழியில் ஒரு வீடு பாக்கி இருந்தது. ஸ்வாதி என்று ஒரு ஸ்கூல் டீச்சர். போன வாரம்தான் அவளும் ஜெயப்பிரியாவைப் போல இந்த ஊசிக்கு மனுப் போட்டிருந்தாள். அவள் எடையும் கோட்டுக்குக் கொஞ்சம் கீழே.

"அக்கா, ஒரு நாலஞ்சு கிலோ கூட்டிப் போட்டுடேன்" என்று குழைந்தாள்.

"என் மெஷின் புளுகாதும்மா. ஏறு."

சிரித்துக்கொண்டே ஏறினாள். சிவப்பு நகப்பூச்சுப் போட்ட சின்னப் பாதங்கள். நம்பர் ஏறியது. எழுபதைத் தாண்டியது. எண்பதைத் தாண்டியது. தொண்ணூற்றேழில் நின்றது.

"ஐயோ, அவ்ளோவா கீறேன்!" என்றாள். பிறகு முகம் மலர்ந்தது. "அப்ப எனக்கு ஊசி கெடைச்சிடும்ல அக்கா?"

செல்போனில் விழுந்த படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். நகப்பூச்சு இல்லை. அகலமான இரண்டு பாதங்கள். இடது கட்டைவிரல் நகம் கறுத்துப் பிளந்திருந்தது.

முன்பு பார்த்ததைவிட வீக்கம் வற்றி, கொஞ்சம் இளைத்திருந்தன.