கோலுக்குள் நின்ற தீர்சா

பந்து நேராக யோரிண்டாவின் முகத்தில் வந்து மோதியது.

'டப்' என்ற சத்தம் ஹோகவேன் ஊரின் விளையாட்டு அரங்கம் முழுக்கக் கேட்டது. பெஞ்சில் உட்கார்ந்து சாக்லேட் துருவல் தூவிய ரொட்டியைத் தின்றுகொண்டிருந்த தீர்சா, வாயில் இருந்ததை விழுங்க மறந்துபோனாள்.

யோரிண்டா தீர்சாவின் சித்தி. கையால் எறிந்து கோல் போடும் ஹேண்ட்பாலில், ஊர் அணியின் கோல்கீப்பர். ஆறு மீட்டர் தூரத்திலிருந்து எறிந்த பந்து பட்டால் யாராக இருந்தாலும் விழத்தான் செய்வார்கள். சித்தியும் விழுந்தாள். ஆனால் உடனே எழுந்து சிரித்தாள்.

"என்ன பாக்கறீங்க? மூக்கு இருக்கு, பல்லும் இருக்கு. அடுத்த பந்தப் போடுங்க!"

எல்லோரும் சிரித்தார்கள். பயிற்சி தொடர்ந்தது.

பயிற்சி முடிந்து இருவரும் சைக்கிளில் வீட்டுக்குக் கிளம்பினார்கள். கால்வாய்ப் பாலத்தைத் தாண்டியதும் சித்தி சட்டென்று நின்றுவிட்டாள். இடது பக்கம் பார்த்தாள், வலது பக்கம் பார்த்தாள்.

"தீர்சா, எந்தப் பக்கம் போகணும்?"

"விளையாடாதீங்க சித்தி."

"இல்லடி. நெஜமாத்தான் கேக்கறேன்."

சித்தி பிறந்து வளர்ந்த ஊர் இது. இந்தப் பாலத்தின் மேல்தான் அவள் சைக்கிள் ஓட்டவே கற்றுக்கொண்டாள்!

"இடது பக்கம்," என்றாள் மெதுவாக. "நாம டாக்டரப் பாக்கலாமா?"

"டாக்டரா? பாத்தா ஆட விடமாட்டாரு." சித்தி குனிந்து அவள் கையைப் பிடித்தாள். "ஞாயித்துக்கிழமை அரையிறுதி. தேசிய அணியோட பயிற்சியாளர் என்னைப் பாக்கறதுக்குன்னே வராரு. யார்கிட்டயும் சொல்லாதே. உங்க அம்மாகிட்டகூட. சரியா?"

சித்தி பதினேழு வயதில் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஹேண்ட்பால் ஆட ஜெர்மனிக்குப் போனவள். பிறகு ஹங்கேரி, அப்புறம் நார்வே. முழங்காலில் இரண்டு அறுவை சிகிச்சை. அதோடு தேசிய அணியின் ஆரஞ்சுச் சட்டை கைநழுவிப் போய் இரண்டு வருடம் ஆகிவிட்டது. இப்போது வயது முப்பத்தொன்று. இன்னொரு வாய்ப்பு வருமா என்று யாருக்கும் தெரியாது.

தீர்சா தலையாட்டினாள். ஆனால் அடுத்த இரண்டு நாளும் அவளுக்குச் சோறு இறங்கவில்லை. அம்மா நெற்றியைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "காய்ச்சல் இல்லையே!" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை அரங்கத்தில் உட்கார இடமில்லை. மேளச் சத்தம் காதைப் பிளந்தது. மூன்றாவது வரிசையில் ஆரஞ்சு மேலங்கியோடு ஒருவர் நோட்டுப் புத்தகத்தைத் திறந்து வைத்திருந்தார். அவர்தான் தேசியப் பயிற்சியாளர்.

வீராங்கனைகள் களத்துக்குள் ஓடினார்கள். சித்தியும் ஓடினாள், ஓடிப்போய் எதிரணியின் கோலுக்குள் நின்றுகொண்டாள்.

கூட்டம் கொல்லென்று சிரித்தது.

"யோரிண்டா, வீடு மாறிட்டியா?" என்று யாரோ கத்தினார்கள். சக வீராங்கனை ஒருத்தி சிரித்துக்கொண்டே அவள் தோளைப் பிடித்துத் திருப்பி, தங்கள் கோலுக்கு அனுப்பினாள். சித்தியும் சிரித்தாள். ஆனால் அவள் கண்கள் சிரிக்கவில்லை. அவை பயந்திருந்தன.

நடுவர் விசிலை வாயில் வைத்தார்.

அவ்வளவுதான். தீர்சா தடுப்புப் பலகையைத் தாண்டிக் குதித்தாள். களத்தின் குறுக்கே ஓடிப்போய், கோலுக்குள் சித்திக்கு முன்னால் கையை விரித்து நின்றாள்.

மேளம் நின்றது.

"ஏய் குட்டி!" நடுவர் வேகமாக வந்தார். "இங்க என்ன பண்ற? வெளிய போ!"

"போக மாட்டேன். சித்தி ஆடக் கூடாது."

"தீர்சா!" சித்தி அவள் தோளைப் பிடித்து இழுத்தாள். "சத்தியமா சொல்றேன், ஒன்னுமில்ல. போடி!"

"வியாழக்கிழமை இவங்க மூஞ்சில பந்து பட்டுச்சு," என்றாள் தீர்சா. கண்ணீர் வழிந்தாலும் கையை இறக்கவில்லை. "வீட்டுக்குப் போற வழியே இவங்களுக்குத் தெரியல."



அணியின் மருத்துவர் அலீடா ஓடி வந்தார். "கண்ண மூடிட்டு ஒத்தக் கால்ல நில்லு யோரிண்டா."

சித்தி கண்ணை மூடினாள். மரம் போல அப்படியே சாய்ந்தாள். அலீடா பிடித்திருக்காவிட்டால் கம்பத்தில் தலை மோதியிருக்கும்.

சித்திக்குப் பதிலாக மாற்று கோல்கீப்பர், பதினெட்டு வயது மார்க்யே கோலில் நின்றாள். அணி ஒரே ஒரு கோலில் தோற்றது. ஆரஞ்சு மேலங்கிக்காரர் நோட்டை மூடிக்கொண்டு போய்விட்டார். சித்தி தீர்சாவின் பக்கம் திரும்பக்கூட இல்லை.

சித்தியின் வாழ்க்கையையே கெடுத்துவிட்டோமோ என்று தீர்சா தலையணைக்குள் முகத்தைப் புதைத்து அழுதாள்.

நான்கு நாள் கழித்து வாசல்மணி அடித்தது. கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு சித்தி நின்றாள்.

"மருத்துவமனைக்குப் போனேன்," என்றாள். "மூளை அதிர்ந்திருக்காம். ஆறறதுக்கு முன்னால இன்னொரு பந்து பட்டிருந்தா, பேச்சே போயிருக்கலாம்னு டாக்டர் சொன்னாரு."

தீர்சா சித்தியின் கையைப் பிடித்து உள்ளே இழுத்தாள்.

"உன் மேல எனக்கு எவ்வளவு கோவம் தெரியுமா? உன்னைத் திட்டறதுக்குன்னே நாலு நாளா யோசிச்சு வெச்சிருந்தேன்."

"திட்டுங்க சித்தி."

சித்தி வாயைத் திறந்தாள். மூடினாள். நெற்றியைத் தேய்த்தாள்.

"மறந்து போச்சுடி."

இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். முதலில் தீர்சாவுக்குத்தான் சிரிப்பு வந்தது. பிறகு சித்தி சிரித்தாள், தலை வலிக்கிறது என்று முனகிக்கொண்டே சிரித்தாள். கடைசியில் தீர்சாவை இறுக்கிக் கட்டிக்கொண்டு அழுதாள்.

மூன்று மாதம் சித்தி பந்தைத் தொடவில்லை. நான்காவது மாதம் தொலைபேசி ஒலித்தது. பேசி முடித்த சித்தி நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்தாள்.

"தேசிய அணிப் பயிற்சியாளர்! டாக்டர் சரின்னு சொன்னதும் பயிற்சிக்கு வரச் சொல்றாரு. அன்னைக்கு அடிபட்டத மறைச்சு நான் ஆடியிருந்தா, அப்புறம் என்னைக் கூப்பிட்டிருக்கவே மாட்டாராம்!"

இலையுதிர் காலத்தில் யோரிண்டா மறுபடியும் ஆரஞ்சு அணிக்காகக் கோலில் நின்றாள். முதல் ஐந்து பந்தையும் கோட்டைவிட்டாள். ஆறாவது, ஏழு மீட்டர் தண்டனை எறி. பந்து இடது மூலைக்குப் பறந்தது. சித்தி காலை நீட்டி அதை எட்டி உதைத்துத் தடுத்தாள்!

மறுநாள் பள்ளியில் ஆசிரியர் கணக்கில் கேட்ட நான்கு கேள்விகளுக்கும் தீர்சா தலையை மட்டுமே ஆட்டினாள். முந்தின நாள் ஆட்டத்தில் கத்திக் கத்தி அவளிடம் குரலே மிச்சமில்லை.